அடுத்த படகுக்குப் போகும் பேட்டரி

"பன்னெண்டு வோல்ட்டாம். மகாராசா கணக்கா உக்காந்திருக்கு பாரு, அசையாம."

பூமயில் கணினித் திரையைத் திட்டிக்கொண்டிருந்தாள். முதல்முறை அந்த அறைக்குப் போகிறவர்கள், உள்ளே இன்னொரு ஆள் இருப்பதாக நினைத்து வாசலிலேயே நின்றுவிடுவார்கள். சண்டை ஓயட்டும் என்று காத்திருப்பார்கள். பதில் குரல் வராமல் போகவே மெல்ல எட்டிப் பார்ப்பார்கள். ஒரு மேசை, ஒரு திரை, ஈயம் பற்ற வைக்கும் சால்டரிங் கம்பி, பிளாஸ்டிக் நாற்காலியில் சம்மணம் போட்டு ஒரு பெண். அவள் திரும்பாமலே, "வாங்க, என்ன வேணும் சொல்லுங்க" என்பாள். மனிதர்களிடம் மரியாதையில் குறை வைக்க மாட்டாள். வசவு முழுவதும் திரைக்குத்தான்.

தங்கச்சிமடத்தில் மிக்கேலம்மாள் வீட்டு மாடியில் இருக்கிறது அந்த அறை. மொட்டை மாடியின் மிச்ச இடமெல்லாம் கருவாடு காயும். மிக்கேலம்மாளுக்கு ஐம்பதைத் தாண்டிய வயது, கருவாட்டு வியாபாரம், யாரையும் விட்டுவைக்காத வாய். நெத்திலியைப் புரட்டிப் போட வருகிறபோதெல்லாம் கதவில் சாய்ந்து ஒரு வார்த்தை போட்டுவிட்டுத்தான் போவாள்.

"என்ன புள்ள, கம்பூட்டரோட சண்டை முடிஞ்சுதா? அது உனக்குப் புருசனா இருந்தா இந்நேரம் கேரளாவுக்கு ஓடியிருக்கும்."

"ஓடட்டும்க்கா. போறப்ப இந்தப் பன்னெண்டு வோல்ட்டையும் சேத்துத் தூக்கிட்டுப் போகட்டும்."

பூமயிலின் தொழில், மின்சுற்றுப் பலகை வடிவமைப்பது. முதலில் திரையில் படம் போடுவாள். பேட்டரிக்கு ஒரு குறி, டையோடுக்கு ஒரு குறி, இடையில் கோடுகள். பிறகு மென்பொருளில் அதை ஓட்டிப் பார்ப்பாள். நிஜத்தில் ஒரு கம்பியைக்கூடத் தொடாமலே, மின்சாரம் எந்த வழியில் எவ்வளவு போகும் என்பதை அது அலைக்கோடாக வரைந்து காட்டும். அது சரியாக வந்த பிறகுதான் பலகை. செம்புத் தடங்கள் ஒன்றையொன்று முட்டாமல் வளைந்து நெளிந்து போக வேண்டும். திரையில் அவை சிவப்பும் நீலமுமாகப் பின்னிக் கிடக்கும். "வீட்டுமனைக்குப் பாதை பிரிக்கிற மாதிரிதான்க்கா. எல்லாருக்கும் வழி விடணும், ஒருத்தன் இடத்துல ஒருத்தன் கால் வைக்கக் கூடாது" என்று மிக்கேலம்மாளுக்கு ஒருமுறை விளக்கினாள். "அப்ப எங்க தெருவ நீ வரைஞ்சிருக்கலாமே" என்றாள் அவள்.

வரைந்த கோப்பைத் தொழிற்சாலைக்கு அனுப்பினால் பலகை அச்சாகிக் கூரியரில் வரும். வந்ததும் பூமயில் முதலில் செய்கிற காரியத்தை எந்தக் கல்லூரியிலும் சொல்லித் தருவதில்லை. கடல் தண்ணீரில் நனைத்த துணியோடு பலகையை ஊறுகாய்ப் பாட்டிலில் போட்டு இறுக மூடி, மிக்கேலம்மாளின் கருவாட்டுக்குப் பக்கத்திலேயே வெயிலில் வைத்துவிடுவாள். சில நாளில் பச்சைப் பாசி மாதிரி எங்கே களிம்பு பிடிக்கிறது என்று பார்ப்பாள். பிடித்த இடத்துக்கு ஒரு வசவு. பிறகு திரையில் அந்தத் தடத்தை அழித்துவிட்டு வேறு இடத்தில் வரைவாள்.

இத்தனைக்கும் அவள் கடற்கரைக்காரி இல்லை. கமுதிக்குத் தெற்கே மிளகாய் விளைகிற ஊர். அய்யாவும் அம்மாவும் மிளகாய்க் காட்டில் கூலி வேலைக்காரர்கள். ஊரணி வற்றினால் வண்டித் தண்ணீருக்கு நிற்கிற பூமியில் பிறந்தவள், கல்லூரிக்குப் போன பிறகுதான் கடலையே பார்த்தாள். அந்த ஊரிலிருந்து பொறியியல் பட்டம் வாங்கிய முதல் ஆள் அவள்தான். அதைச் சொல்லிக்கொள்ள அவளுக்குக் கூச்சம் கிடையாது. ஏன் இருக்க வேண்டும்? ஒரு தலைமுறை முழுக்கக் கைநாட்டு வைத்து வாழ்ந்த வீட்டிலிருந்து எழுந்து வந்து வாங்கிய பட்டம் அது.

ஆனால் முதல் தலைமுறையாகப் படித்து வெளியே வருகிறவர்களுக்கு ஒரு நோய் உண்டு. அச்சில் இருப்பதை அப்படியே நம்பிவிடுவார்கள். மேலதிகாரி கொடுத்த தாளில் ஒன்று எழுதியிருந்தால், அது சரியாகத்தான் இருக்கும், நமக்குத்தான் புரியவில்லை என்று வாயை மூடிக்கொள்வார்கள். பூமயிலுக்கும் அந்த நோய் இருந்தது. அவளுடைய கோபத்தின் வேர் அங்கேதான் இருக்கிறது.

படிப்பை முடித்ததும் அவள் ஒரு நகரத்துக் கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்தாள். விசைப்படகுகளுக்கு எல்லைப் பெட்டி செய்து கொடுக்கும் வேலை அந்தக் கம்பெனிக்குக் கிடைத்திருந்தது. படகு கடல் எல்லையை நெருங்கினால், டிரைவர் நிற்கும் அறையான வீல்ஹவுஸில் இருக்கும் அந்தச் சின்னப் பெட்டி கத்தி எச்சரிக்கும். பெட்டிக்கு மின்சாரம் வாங்கித் தரும் பகுதியை வரைவது பூமயிலின் பொறுப்பு. "படகுல பேட்டரிய எப்படி வச்சிருப்பாக சார்? ஒருக்கா போயிப் பாத்துட்டு வரவா?" என்று மேனேஜரிடம் கேட்டிருக்கிறாள். அவர் தாளைத் தட்டிக் காட்டினார். "பன்னெண்டு வோல்ட்னு போட்டிருக்குல்ல. அதைப் போடும்மா. கடல் காத்து வாங்கப் போறதுக்கா சம்பளம்?"

போட்டாள். திரையில் பேட்டரிக் குறியை வைத்துப் பன்னிரண்டு என்று எழுதினாள். ஓட்டிப் பார்த்தாள். கோடு கயிறு கட்டிய மாதிரி நேராக வந்தது. எல்லோரும் கைதட்டினார்கள்.

ஒரு பருவம் முடிவதற்குள் பெட்டிகள் ஊமையாகின. வரிசையாக இல்லை, ஒரே நாளிலும் இல்லை. இங்கே ஒன்று, அங்கே ஒன்று. அப்படி ஊமையாகிப்போன பெட்டிகளில் ஒன்று ஆன்டனி ராஜின் படகில் இருந்தது.

ஆன்டனி ராஜ், மிக்கேலம்மாளின் தம்பி. சொந்தப் படகு, அவனே டிரைவர். அன்றைக்கு நீரோட்டம் படகை இழுத்திருக்கிறது. பெட்டி கத்தவில்லை. எல்லைக்கு அந்தப் பக்கம் போய்விட்டதே ரோந்துக் கப்பல் எதிரே வந்தபோதுதான் தெரிந்தது. வலையை அறுத்துப் போட்டுவிட்டுத் தப்பித்து வந்தார்கள். உயிர் மிஞ்சியது. கரைக்கு வந்ததும் விசாரணை. மீன்வளத் துறை அலுவலகத்தில் பெட்டியைக் கழற்றிக் கம்பெனிக்கு அனுப்பினார்கள். கம்பெனியின் பதில் வந்தது: பெட்டியின் வடிவமைப்பில் குறையில்லை; கடைசியாகப் பதிவானது மின் துண்டிப்பு; ஆகவே, எல்லை தாண்டுவதற்காக மீனவரே வேண்டுமென்று மின்சாரத்தைத் துண்டித்திருக்கிறார். விசாரணை முடியும்வரை ஆன்டனி ராஜின் படகு கடலுக்குப் போகக் கூடாது. குற்றம் உறுதியானால் எப்போதுமே போக முடியாது.

அந்தப் பதிலோடு ஒரு படம் இணைத்திருந்தார்கள். பூமயில் வரைந்த அதே நேர்கோடு. கீழே அவள் பெயர்.

கம்பெனியில் அதைப் பார்த்த அன்றே அவள் வேலையை விட்டுவிட்டாள். மேனேஜரிடம் சொன்னது ஒரு வாக்கியம். "எங்க வீட்டுல மொதமொதல்ல எழுதப் படிச்சவ நான் சார், அத வச்சு ஒருத்தன் வாயில மண்ணள்ளிப் போடவா படிச்சேன்?" பேருந்து ஏறி நேராக இந்த வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

மிக்கேலம்மாள் அவளை உள்ளே கூப்பிடவில்லை. "நீதான் அந்தப் பொட்டியச் செஞ்சவளா?"

"ஆமாக்கா."

"எந்தம்பி கள்ளத்தனமா ஒயரப் புடுங்குனான்னு எழுதிக் குடுத்தவ?"

"எழுதுனது நான் இல்ல. ஆனா அவுக கையில வச்சிருக்குற படம் நான் போட்டது. அது எங்கன தப்புன்னு தெரியாம ஊருக்குப் போகமாட்டேன்."

மிக்கேலம்மாள் வெயிலைப் பார்த்தாள், அவள் பையைப் பார்த்தாள். "சாப்பிட்டியா?" என்றாள். அடுத்த நாளே மாடி அறையைக் கூட்டிக் கொடுத்தாள். தெருவில் அவளுக்குப் பெயரும் வைத்தாயிற்று. போர்டுக்காரப் புள்ள.

ஊமைப் பெட்டிகளை வாங்கிப் பிரித்தால் எல்லாவற்றிலும் ஒரே இடம் கருகியிருந்தது. மின்சாரம் நுழைகிற வாசல். பன்னிரண்டு வோல்ட்டுக்கு அது கருகவே கருகாது. பூமயில் மென்பொருளில் விதவிதமாகக் கேட்டுப் பார்த்தாள். பேட்டரி பழசாக இருந்தால்? ஒயர் நீளமாக இருந்தால்? இஞ்சின் கிளப்பும்போது வோல்ட் விழுந்தால்? எதற்கும் கருகவில்லை. அவள் திரையைத் திட்டத் தொடங்கியது அந்த நாட்களில்தான்.

பதில் படகுத்துறையில் கிடைத்தது. கடலுக்குப் போக முடியாத ஆன்டனி ராஜ், இஞ்சின் துரு ஏறி இறுகிவிடக் கூடாதென்று தினமும் சிறிது நேரம் ஓட்டி வைப்பான். அன்று அவன் இஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்தில் சந்தியாகு, அவரும் படகு டிரைவர்தான், கடலுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். அவர் இஞ்சின் இருமியது, அணைந்தது.

"ஏலே ஆன்டனி, பேட்டரியக் குடுலே."

"உம்ம பேட்டரிய வித்துத் தின்னுட்டீரா?" என்று கேட்டுக்கொண்டே ஆன்டனி ராஜ் குனிந்தான். ஓடுகிற இஞ்சினை நிறுத்தவில்லை. கிளாம்பைத் தளர்த்திப் பேட்டரியைத் தூக்கி அடுத்த படகுக்கு நீட்டினான். சந்தியாகு அதை மாட்டித் தன் இஞ்சினைக் கிளப்பினார். கிளம்பியதும் கழற்றித் திருப்பிக் கொடுத்தார். கரையில் யாரும் அதை வேடிக்கைகூடப் பார்க்கவில்லை. பூமயில் மட்டும் எழுந்து நின்றிருந்தாள்.

"இஞ்சின் ஓடுறப்பவா கழட்டுறீக?"

"பெறகு?" என்றான் ஆன்டனி ராஜ். "நிப்பாட்டிட்டுக் குடுத்தா எனக்கும்ல கெளம்பாது. ரெண்டு போட்டும் நடுக்கடல்ல நின்னுக்கிட்டு ஒருத்தன் மூஞ்சிய ஒருத்தன் பாக்கவா?"

"கடல்லயும் இப்படித்தானா?"

சந்தியாகு சிரித்தார். "கடல்ல பேட்டரி கேட்டு இல்லன்னவன் எவன் இருக்கான் புள்ள? தண்ணி கேட்டாக்கூட யோசிப்பான். பேட்டரி கேட்டா யோசிக்க மாட்டான். நாளைக்கு அவன்ல நிப்பான்."

"அண்ணே, அன்னைக்கு, பெட்டி செத்த அன்னைக்கு, யாருக்காச்சும் குடுத்தீகளா?"

ஆன்டனி ராஜ் சந்தியாகுவைக் கைகாட்டினான். "இந்தா நிக்கிறாரே, இந்த மகானுக்குத்தான்."

பூமயில் அங்கேயே கயிற்றுக் கட்டின் மேல் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டாள். விஷயம் இதுதான். இஞ்சின் ஓடும்போது, அதோடு சேர்ந்து சுற்றும் ஆல்டர்னேட்டர் பேட்டரிக்கு மின்சாரத்தை ஏற்றிக்கொண்டே இருக்கும். திடீரென்று பேட்டரியைப் பிடுங்கினால் அந்த மின்சாரத்துக்குப் போக இடமில்லை. கண் இமைக்கிற நேரத்துக்குப் பல மடங்கு எகிறி, எதிரே கிடைத்ததை எரித்துவிடும். அந்தக் கடலில் ஒவ்வொரு படகும் ஒவ்வொரு படகுக்குச் செய்கிற உதவி அது. அந்த உதவி பெட்டியைக் கொன்றிருக்கிறது. கொன்ற கணத்தைப் பெட்டி மின் துண்டிப்பு என்று பதிந்து வைத்திருக்கிறது. அடுத்தவனைக் காப்பாற்றியதற்கான தடயத்தைத்தான் கம்பெனி கள்ளத்தனத்துக்குச் சாட்சியாகக் காட்டியது.

அதைத் தாங்குவதற்கு ஒரு டையோடு போதும். வெந்தயத்தைவிடக் கொஞ்சம் பெரிசு. மென்பொருளிடம் கேட்டிருந்தால் அதுவே சொல்லியிருக்கும். "அது பொய் சொல்லாதுக்கா. கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லும். நாங்க கேக்கல. எங்க படத்துல பேட்டரி எந்திரிச்சு அடுத்த வீட்டுக்குப் போகாது" என்று அன்று மிக்கேலம்மாளிடம் சொன்னாள். சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அழுகிறாளோ என்று மிக்கேலம்மாள் கிட்டே வந்து பார்த்தாள். அழுகை இல்லை. பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

விசாரணை, படகுத்துறை பக்கத்து வலைக்கூடத்தில் நடந்தது. அலுவலகத்திலிருந்து துர்காதேவி என்ற அதிகாரி வந்தார். கம்பெனி மேனேஜரும் வந்தார். பூமயிலைப் பார்த்ததும் அவருக்குச் சிரிப்பு. "நம்ம பொண்ணுதான் மேடம். இந்த டிசைனே இவ போட்டதுதான். சொல்லும்மா, சிமுலேஷன்ல பாஸ் ஆச்சா இல்லையா?"

"ஆச்சு சார். தப்பான கேள்வி கேட்டு பாஸ் ஆச்சு."

மடிக்கணினியைத் திறந்து காட்டினாள். பேட்டரிக்குப் பக்கத்தில் ஒரு சுவிட்ச் வரைந்திருந்தாள். ஓட்டம் பாதியில் இருக்கும்போது சுவிட்ச் திறக்கும், பேட்டரி கழன்ற மாதிரி. நேராக வந்த கோடு அந்த இடத்தில் பனைமரம் மாதிரி எழும்பியது.

மேனேஜர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. "மேடம், இதுல என்ன இன்புட் குடுக்குறோமோ அதுதான் வரும். சுனாமின்னு குடுத்தா சுனாமி வரும். இந்த ஆளுங்க முறையில்லாமப் பேட்டரியைக் கழட்டினதுக்கு நாங்க என்ன பண்ண முடியும்?"

"முறையில்லாமயா?" சந்தியாகு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எழுந்தார். "நான் நடுக்கடல்ல நிக்கிறேன், உங்க முறை வந்து என்னை இழுத்துட்டுப் போகுமாய்யா?"

துர்காதேவி கையமர்த்தினார். அவர் முகத்தில் சலிப்பு. "ரெண்டு பேரும் ஆளுக்கொரு படம் காட்டுறீங்க. நான் எதை நம்புறது?"

"படத்த விடுங்க மேடம். போட்டு அங்கன நிக்குது, வாங்க" என்றாள் பூமயில்.

எல்லோரும் ஆன்டனி ராஜின் படகில் ஏறினார்கள். மேனேஜர் கொண்டுவந்திருந்த புதுப் பெட்டியை அவரே வீல்ஹவுஸில் மாட்டினார். பச்சை விளக்கு எரிந்தது. ஆன்டனி ராஜ் இஞ்சினைக் கிளப்பினான். படகின் பலகையெல்லாம் அதிர்ந்தது.

பூமயில் ஒரு ஸ்பானரை எடுத்து மேனேஜரிடம் நீட்டினாள். "உங்க டிசைன்ல கொறை இல்லைன்னு எழுதிக் குடுத்திருக்கீங்க. பேட்டரியக் கழட்டுங்க சார்."

அவர் ஸ்பானரை வாங்கினார். பேட்டரியைப் பார்த்தார். பிறகு பெட்டியைப் பார்த்தார். பச்சை விளக்கு அதுபாட்டுக்கு எரிந்துகொண்டிருந்தது. இஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. அவர் கை கிளாம்புக்குப் போகவில்லை.

"இது ஆபத்தான பழக்கம்" என்றார்.

"யாருக்கு ஆபத்து சார்? பொட்டிக்கா, ஆளுக்கா?"

"நகருங்க, நான் கழட்டுறேன்" என்று சந்தியாகு குனிந்தார்.

"வேண்டாம், வேண்டாம்" என்று மேனேஜர் அவசரமாக அவர் தோளைப் பிடித்தார்.

துர்காதேவி மேனேஜர் பக்கம் திரும்பினார். "ஏன் வேண்டாம்?"

மேனேஜர் ஸ்பானரைக் கீழே வைத்தார். ஆன்டனி ராஜ் இஞ்சினை அணைத்தான்.

அந்த வாரமே அவனுக்கு அனுமதி திரும்பக் கிடைத்தது. வேண்டுமென்றே துண்டித்தார் என்ற வார்த்தையை அடித்துவிட்டார்கள். ஆனால் கம்பெனி மன்னிப்புக் கேட்கவில்லை, ஒரு டையோடையும் சேர்க்கவில்லை. பெட்டிகளில் ஒட்டுவதற்கு ஸ்டிக்கர் அனுப்பியது: "கடலில் பேட்டரியைக் கழற்றுவது தவறு." வெந்தயத்தைவிடக் கொஞ்சம் பெரிசான ஒரு பாகத்தை வைப்பதற்கு வலிக்கிறது, ஊரின் பழக்கத்தைத் தவறென்று அச்சடிக்க வலிக்கவில்லை. பூமயில் அன்று முழுக்கச் சாப்பிடவில்லை. மிக்கேலம்மாள் ஸ்டிக்கர் கட்டு ஒன்றை வாங்கி வந்து, கருவாட்டு டப்பாக்களின் விரிசல்களில் ஒட்டிவிட்டாள். "நல்லா ஒட்டுது புள்ள. அந்தக் கம்பெனி பசை மட்டும் ஒழுங்காச் செய்யிது."

ஊருக்கு வந்துவிடச் சொல்லி அய்யா போன் செய்கிறார். வேலையை விட்டுவிட்டுக் கருவாட்டு மாடியில் என்ன செய்கிறாய் என்று கேட்கிறார். "படிச்ச வேலையத்தான் பாக்குறேன் அய்யா" என்கிறாள் அவள். அவர் அனுப்பிய குண்டு மிளகாய் ஒரு பாட்டில், பலகைகள் ஊறும் பாட்டில்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது.

இப்போது ஆன்டனி ராஜ் கடலுக்குப் போய்வருகிறான். அவன் வீல்ஹவுஸில் கம்பெனிப் பெட்டி இல்லை, பூமயில் அந்த டையோடை வைத்துச் செய்த பெட்டி இருக்கிறது. பூமயில் தங்கச்சிமடத்தில் அதே மாடி அறையில் இருக்கிறாள். கோபம் குறையவில்லை. குறையும் என்று எதிர்பார்க்கிறவர்கள் யாரும் அந்த மாடிக்கு ஏறுவதும் இல்லை.

நேற்று புதிதாக ஒரு வேலை தொடங்கினாள். வெள்ளைத் திரை. முதலில் பேட்டரிக் குறியை வைத்தாள், பன்னிரண்டு என்று எழுதினாள். பக்கத்தில் வேறு எதையும் வரைவதற்கு முன்னால் ஒரு சுவிட்சை வைத்தாள். ஒவ்வொரு சுவிட்சுக்கும் ஒரு பெயர் கேட்கும் அந்த மென்பொருள். "சந்தியாகு" என்று தட்டினாள். ஓட்டத்தின் பாதியில் அது திறக்கும்படி வைத்துவிட்டு மற்றதை வரைந்தாள். பிறகுதான் ஓட்டினாள்.